ஜெராக்ஸ் கடையில் ஊமைப்படம்

என் சினிமா விமர்சனங்களைத் தொடர்ந்து படிக்கிற ஒரு பெரியவர் போன மாதம் கடிதம் போட்டிருந்தார். "அம்மணி, நாலு வருஷமாகப் பார்க்கிறேன். ஒரு படத்துக்காவது பின்னணி இசை எப்படி இருந்தது என்று எழுதியிருக்கிறீர்களா? உங்களுக்குக் காது கேட்காதா, இல்லை பாட்டே பிடிக்காதா?" என்று கேட்டிருந்தார். கோபத்திலும் கையெழுத்து குண்டு குண்டாக அழகாக இருந்தது.

எனக்குக் காது நன்றாகவே கேட்கும். பாட்டும் பிடிக்கும். ஆனால் எந்தப் படமானாலும் இரண்டாவது தடவை சத்தத்தை அணைத்துவிட்டுப் பார்த்த பிறகுதான் எழுத உட்காருவேன். இந்தக் கெட்ட பழக்கத்தை எனக்கு ஒட்டவைத்தவள் உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே ஜெராக்ஸ் கடை வைத்திருந்த ஒரு அக்கா. அவள் பெயர் எனக்குத் தெரியும், எழுத மாட்டேன். அவளைத் தேடக்கூடிய ஆள் ஒருவர் அந்தப் பக்கத்தில் இன்னும் இருக்கிறார். பெரியவருக்குப் பதில் எழுதலாம் என்று உட்கார்ந்தேன். பதிலுக்கு நடுவில் அவள்தான் வந்து நிற்கிறாள்.

நான் அப்போது செங்கல்பட்டில் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். எங்கள் ஊர் திருப்புலிவனம். அங்கிருந்து ஒரு பஸ் பிடித்து உத்திரமேரூர் வந்து, இறங்கி, செங்கல்பட்டு பஸ்ஸில் ஏற வேண்டும். திரும்பி வரும்போதும் அதே கதை. சாயங்காலம் உத்திரமேரூரில் இறங்கினால் ஊருக்குப் போகிற பஸ் வர முக்கால் மணி நேரம் ஆகும். அந்த முக்கால் மணியை நானும் கலைவாணியும் அக்கா கடையில்தான் கழிப்போம். கலைவாணி என்னோடு படித்தவள், பக்கத்துத் தெரு. கடையில் ஃபேன் இருந்தது, கண்ணாடிக் கதவு இருந்தது, மூலையில் மேலே ஒரு சின்ன டி.வி. இருந்தது. வேறென்ன வேண்டும்?

அந்த டி.வி.யில் எந்நேரமும் ஏதாவது ஒரு படம் ஓடிக்கொண்டிருக்கும். சத்தம் மட்டும் வராது. புதிதாக வருகிறவர்கள் பழுதென்று நினைப்பார்கள். ஒரு எலக்ட்ரீஷியன் இரக்கப்பட்டு, "நான் வந்து பாத்துத் தரட்டாம்மா?" என்றுகூடக் கேட்டார்.

"ரிப்பேர்லாம் ஒண்ணும் இல்லண்ணே. நான்தான் அடக்கி வெச்சிக்கீறேன்" என்றாள் அக்கா.

"படத்த அப்படிப் பாத்தா இன்னா புரியும்?"

"அப்படிப் பாத்தாத்தான் புரியுது."

முப்பத்தைந்து வயதிருக்கும். ஒல்லி. மூக்குக் கண்ணாடியைக் கயிறு கட்டிக் கழுத்தில் தொங்கவிட்டிருப்பாள். மெஷினுக்குள் ஆதார் அட்டையை வைத்து மூடியைச் சாத்தியதும் கண் டி.வி.க்குப் போய்விடும். எத்தனை காப்பி விழுந்தது என்று மெஷின் சத்தத்தை வைத்தே சொல்லிவிடுவாள். ஜனங்கள் காப்பியை வாங்கிக்கொண்டு, மூடிக்கு அடியில் கிடக்கிற பட்டாவையும் சாதிச் சான்றிதழையும் மறந்துவிட்டு நடையைக் கட்டுவார்கள். அவர்கள் கதவைத் திறப்பதற்குள் "ஒரிஜினல்!" என்று ஒரு கத்து கத்துவாள் பாருங்கள், எதிரே நிற்கிற பஸ் டிரைவரே திரும்பிப் பார்ப்பார்.

அவள் சொல்கிற விமர்சனங்களைக் கேட்டு நாங்கள் வயிறு வலிக்கச் சிரித்திருக்கிறோம். ஊரே விழுந்து விழுந்து ரசித்த நகைச்சுவைக் காட்சியைப் பார்த்துவிட்டு, "இவன இன்னாத்துக்கு ஆளாளுக்கு அடிக்கிறாங்க? வேலைக்காரன் போல கீது, பாவம்" என்பாள். குடும்பப் படம் ஒன்று. நாட்டில் இருக்கிற அம்மாக்கள் எல்லாம் முந்தானையால் கண்ணைத் துடைத்த படம். அக்கா முழுக்கப் பார்த்துவிட்டு, "அந்தம்மா படம் ஆரம்பிச்சதுலேந்து ஒரு வாய் துன்னல. எல்லாருக்கும் போட்டுக்கினே கீறாங்க. யாராச்சும் ஒருத்தன் கேக்குறானா பாரு" என்றாள். நான் அந்தப் படத்தை மூன்று தடவை பார்த்திருந்தேன். வீட்டுக்குப் போய் நான்காவது தடவை பார்த்தேன். அந்தம்மா சாப்பிடவேயில்லை.

ரசிகர் மன்றத்துக்காரர் ஒருவர் நோட்டீஸ் காப்பி எடுக்க வந்தார். திரையில் அவருடைய தலைவர். அக்கா வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். "இவரு எதிர்ல கீறவங்க மூஞ்சியப் பாத்தே பேச மாட்டாரா? கேமராவத்தான் பாத்துக்கினு கீறாரு" என்றாள். அவருக்கு ரத்தம் தலைக்கேறிவிட்டது. "சவுண்டு வெச்சிப் பாத்துட்டு அப்பறம் பேசு!" என்று ரிமோட்டை எடுத்து முழுச் சத்தத்தையும் வைத்துவிட்டார். தலைவர் செத்துப்போன தங்கையை மடியில் கிடத்திப் பேசுகிற இடம். முடிந்தபோது அக்கா கண்ணைத் துடைத்தாள். மன்றத்துக்காரர் ஜெயித்த முகத்தோடு எங்களைப் பார்த்தார்.

"அழுதேன்தான். அந்த ஃபிடிலுக்கு அழுதேன். அந்தாளு அப்பவும் கேமராவத்தான் பாத்தாரு" என்றாள்.

அதற்கப்புறம் அவர் நோட்டீஸை எல்லாம் நாலு கடை தள்ளிப் போய் எடுக்க ஆரம்பித்தார்.

நான் அவளோடு சண்டை போடுவேன். "படம்னா சத்தமும் சேந்ததுதான்க்கா. அத்த எடுத்துட்டுக் கொற சொல்றது, உப்பே போடாம கொழம்பு வெச்சிட்டு நல்லா இல்லன்ற மாதிரி." இதைச் சொல்லிவிட்டுப் பெரிதாக மடக்கிவிட்டதாக நினைத்துக்கொண்டேன்.

"உப்பு, காரம் தூக்கலாப் போட்டா ஊசிப்போன மீனுகூட எறங்கிடும்டி. காலையிலதான் வவுறு சொல்லும்" என்றாள், பேப்பரை அடுக்கிக்கொண்டே.

எங்கள் வீடு இதற்கு நேர் எதிர். அப்பா நெல் அறுக்கிற மெஷின் டிரைவர். அறுவடைக்காலத்தில் மாகறல், தாமல் என்று ஊர் ஊராகப் போய்விடுவார். வருஷக்கணக்காக அந்த இரைச்சலுக்கு மேலேயே உட்கார்ந்து காது கொஞ்சம் மந்தம். வீட்டில் இருந்தால் எங்கள் டி.வி. சத்தம் தெருமுனை வரைக்கும் கேட்கும். சினிமா என்றால் உயிர். அந்த வருஷம் ஓடு ஓடென்று ஓடிய ஒரு காதல் படத்தை ஒரு பண்டிகை நாளில் டி.வி.யில் போட்டார்கள். கதாநாயகன் ஒரு பெண்ணின் பின்னாலேயே ஆறு மாதம் சுற்றுவான், கடைசியில் அவள் சிரிப்பாள், அவ்வளவுதான் கதை. "பாரு, மழையில நிக்குறான், வெயில்ல நிக்குறான். அவன்தான்டா ஆம்பள!" என்று அப்பா தொடையைத் தட்டினார். அவன் அவள் பின்னால் சுற்றும்போது வருகிற பாட்டு எனக்கும் பிடித்திருந்தது. பொய் சொல்வானேன்?

அதே படம் இரண்டு வாரம் கழித்து அக்கா கடையில் ஓடியது. அந்தப் பாட்டு வந்ததும், வராத சத்தத்துக்குப் பதிலாகக் கலைவாணி வாயாலேயே மெட்டை முனகினாள். அக்கா ஒரு ரேஷன் கார்டைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்டாள்.

"இந்தப் பொண்ணு ஏன் பைய நெஞ்சோட புடிச்சிக்கினு போவுது? பஸ்ஸுல எடம் மாறி மாறி ஒக்காருது. இப்ப பாரு, வேற தெருவுல பூந்து போவுது. யாராச்சும் தொரத்துறாங்களா?"

"ஐயோ அக்கா, அது லவ் சாங்கு!" என்றாள் கலைவாணி.

"அப்படியா? அது லவ்வுன்னு அந்தப் பொண்ணுக்குத் தெரியுமா?"

கலைவாணி சிரித்த சிரிப்பில் ரேஷன் கார்டுக்காரரும் சேர்ந்து சிரித்தார். எனக்குச் சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது. அந்த வாரம் முழுக்க நானும் பையை நெஞ்சோடு பிடித்துக்கொண்டுதான் நடந்திருந்தேன்.

அவன் பெயரும் வேண்டாம். பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் செல்போன் கடையில் வேலை. பார்க்க நன்றாகவே இருப்பான். அந்தப் படத்துக் கதாநாயகன் போடுகிற மாதிரியே கட்டம் போட்ட சட்டை, அதே மாதிரி முழங்கை வரை மடித்து. முதலில் எதிரே நின்று பார்த்தான். பிறகு எனக்காகக் கைக்குட்டை போட்டு பஸ்ஸில் இடம் பிடித்தான். நான் உட்காரவில்லை. பிறகு செங்கல்பட்டு வரைக்கும் வந்தான். ஒருநாள் ஊரில் இறங்கி வீட்டுக்குத் திரும்புகிறேன், எங்கள் தெருமுனையில் பைக்கில் உட்கார்ந்திருக்கிறான்.

எனக்கு அதில் கொஞ்சம் பெருமையும் இருந்தது. சொல்ல வெட்கமாக இருக்கிறது, இருந்தாலும் சொல்லித்தான் ஆக வேண்டும். காலையில் பொட்டு வைக்கும்போது இரண்டு நிமிஷம் அதிகமாகக் கண்ணாடி பார்த்தேன். அதே நேரத்தில் பஸ்ஸை விட்டு இறங்குமுன் அவன் நிற்கிறானா என்று ஜன்னல் வழியாகப் பயந்து பயந்து பார்ப்பேன். பெருமைக்கும் பயத்துக்கும் நெஞ்சு ஒரே மாதிரிதான் அடித்துக்கொள்கிறது. எது எது என்று எனக்குப் பிரிக்கத் தெரியவில்லை. அவன் வரும்போதெல்லாம் கலைவாணி அந்த மெட்டை முனகி என் இடுப்பில் இடிப்பாள்.

ஒரு திங்கட்கிழமை என் வழியை மறித்து, "வெள்ளிக்கெழம வரைக்கும் டைம். பதில் சொல்லிடு" என்றான். படத்திலும் கதாநாயகன் இப்படித்தான் நாள் குறிப்பான்.

செவ்வாய்க்கிழமை எனக்குச் சோறு இறங்கவில்லை. வீட்டில் சொல்ல முடியாது. சொன்னால் முதலில் நிற்பது என் படிப்பு. எங்கள் தெருவில் என் வயதுப் பெண்கள் மூன்று பேருக்கு அப்படித்தான் நின்றது. யாரோ ஒருவன் பின்னால் வந்தான் என்பதற்காக இவளை வீட்டில் உட்காரவைத்து, வருஷம் திரும்புவதற்குள் கல்யாணத்தை முடித்துவிடுவார்கள். பின்னால் வந்தவன் பாட்டுக்கு அடுத்த பஸ்ஸில் ஏறிப் போவான்.

புதன்கிழமை கலைவாணிக்குக் காய்ச்சல். நான் மட்டும் கடைக்குள் போனேன். கூட்டம் இல்லை. அக்காவிடம் எல்லாவற்றையும் கொட்டினேன். கடைசியாக, "நீ சொல்லுக்கா. அது லவ்வா இல்லியா?" என்றேன்.

எந்தப் படத்தைப் பற்றியும் பட்டென்று சொல்லிவிடுகிறவள் அன்று மெஷினைத் துடைத்த இடத்தையே துடைத்துக்கொண்டிருந்தாள்.

"நான் சொல்ல மாட்டேன். ஒரு தபா சொல்லிட்டுப் பட்டுக்கீறேன்" என்றாள்.

அதற்கு முந்தின வருஷம் நடந்தது அது. கண்ணாடிக் கதவு வழியாகப் பார்த்தால் எதிரே ஒருவன் ஒரு பெண்ணின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போகிறான். அவள் தரையில் காலை ஊன்றி வர மாட்டேன் என்கிறாள். கதவு சாத்தியிருந்ததால் பேச்சு கேட்கவில்லை. அக்கா வெளியே ஓடி, "புடிங்க அவன!" என்று கத்தினாள். ஒரிஜினலுக்குக் கத்துகிற அதே தொண்டைதான். பஸ் ஸ்டாண்டே கூடி அவனை அடித்தது. அடித்து முடித்த பிறகு தெரிந்தது, அவன் அவளுக்குக் கூடப்பிறந்த அண்ணன். மூளைக்காய்ச்சல் வந்து புத்தி தடுமாறின தங்கையை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போய்க்கொண்டிருந்தான். "என் தங்கச்சிங்க, என் தங்கச்சிங்க" என்று அவன் முதலிலிருந்தே சொல்லிக்கொண்டிருந்தானாம்.

"அடுத்த வாரம் அவனே வந்தான்டி, ஆஸ்பத்திரி சீட்ட ஜெராக்ஸ் எடுக்க. புருவத்துல தையல் போட்டுக்கீது. யாரு கத்துனதுன்னு அவனுக்குத் தெரியாது. எனக்கு வாயே வரல. அந்தச் சீட்டு கோணக் கோணயா நாலு தபா வியுந்துச்சு."

"அப்ப சத்தமும் வேணும்தானேக்கா?" என்றேன். அந்த நேரத்திலும் விட்டுக்கொடுக்காமல் கேட்டேன்.

"வேணும்தான். உன் கதையில எனக்குச் சத்தமும் தெரியாது, ஒண்ணும் தெரியாது. நீ கூடவே கீற. நீ இன்னா பாத்த? அத்த மட்டும் சொல்லு. அர்த்தம்லாம் அப்பறம்."

சொன்னேன். நான் இடம் மாறினால் அவனும் மாறுகிறான். நான் வராத நாள் கலைவாணியை நிறுத்தி எங்கே என்று கேட்கிறான். எங்கள் வீட்டுக் கதவு என்ன நிறம் என்று அவனுக்குத் தெரிந்திருக்கிறது. அவன் சிரிக்கும்போது நான் எந்தப் பக்கம் ஓடலாம் என்றுதான் பார்க்கிறேன். சொல்லச் சொல்ல என் குரல் எனக்கே வேறு யாருடையதோ மாதிரி கேட்டது. பாட்டு எங்கேயோ போய்விட்டது. வெறும் பயம்தான் மிச்சம் இருந்தது.

"வெள்ளிக்கெழம வேணான்னு சொல்லிடு. சத்தமா சொல்லு. நான் இங்கதான் கீறேன்" என்றாள்.

வெள்ளிக்கிழமை ஏதோ விண்ணப்பத்துக்குக் கடைசி நாள். பஸ்ஸை விட்டு இறங்கியதும் பார்க்கிறேன், அக்கா கடை வாசல் வரைக்கும் ஆட்கள். கலைவாணிக்கு இன்னும் காய்ச்சல் விடவில்லை. நான் சாலையைத் தாண்டுவதற்குள் ஒரு பைக் குறுக்கே வந்து நின்றது. அவன் கையில் ரோஜாப்பூ. கூட வந்தவர்களில் ஒருவன் தோளில் ஒரு ப்ளூடூத் ஸ்பீக்கர். அந்தப் பாட்டு. இன்னொருவன் போனைத் தூக்கிப் பிடித்து எடுத்துக்கொண்டிருந்தான். பஸ் ஸ்டாண்டில் இருந்தவர்கள் வேடிக்கை பார்த்துச் சிரித்தார்கள். ஒரு பாட்டியம்மாகூடச் சிரித்தாள். எல்லாருக்கும் அந்தப் படம் தெரியும்.

"வேணாம்" என்று ஒரு சொல். அதைச் சொல்லத்தான் இரண்டு நாளாகப் பழகியிருந்தேன். நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. உதடு மட்டும் இழுத்துக்கொண்டு கோணியது. நல்லவேளை, அன்று எங்கள் ஊர் பஸ் சீக்கிரமே வந்தது. பைக்குக்கும் பஸ் ஸ்டாண்டு சுவருக்கும் நடுவில் புகுந்து ஓடி ஏறினேன். ஜன்னல் வழியாகப் பார்த்தபோது கண்ணாடிக் கதவுக்குப் பின்னால் அக்கா நின்றிருந்தாள். கதவில் கை வைத்திருந்தாள். திறக்கவில்லை. அந்த நிமிஷம் அவளை நான் வெறுத்தேன்.

அன்று விளக்கு வைப்பதற்குள் அது ஊர் முழுக்கப் போய்விட்டது. அரை நிமிஷ வீடியோ. பாட்டை இன்னும் சுத்தமாக, சினிமாவில் வருகிற மாதிரியே சேர்த்திருந்தார்கள். நான் ஓடினது அதில் இல்லை. அவன் பூ நீட்டுகிறான், நான் தலை குனிகிறேன், என் உதடு அசைகிறது, அதோடு முடிந்தது. கீழே "அவளும் சிரிச்சிட்டா" என்று எழுதியிருந்தது. என் மாமா அதை அப்பாவுக்கு அனுப்பியிருந்தார்.

அப்பா அடிக்கவில்லை. போனை என் முகத்துக்கு நேராக நீட்டினார். "சிரிக்கிறியேடி" என்றார். அவ்வளவுதான். நான் என்ன சொல்லியும் அவருக்கு ஏறவில்லை. "நான்தான் பாக்கறனே! கண்ணு அவிஞ்சா பூட்ச்சி எனுக்கு?" என்று கத்தினார். சனிக்கிழமை காலையில் அம்மாவிடம், திங்கட்கிழமை கல்லூரிக்குப் போய் டி.சி. வாங்கிவிடுவதாகச் சொன்னார். மாமா மகனைப் பற்றியும் ஏதோ பேச்சு நடந்தது. அப்பாவை நான் நைனா என்றுதான் கூப்பிடுவேன். அன்று முழுக்க எத்தனை தடவை கூப்பிட்டும் அவர் திரும்பவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு வாசலில் அக்கா வந்து நின்றாள். நாளும் கிழமையும் பார்க்காமல் திறந்து வைக்கிற கடையைப் பூட்டிவிட்டு வந்திருந்தாள். எனக்கு அதிர்ச்சி. "வூடு எப்படித் தெரியும்?" என்றேன்.

"ஆதார்ல கீதே. எத்தினி தபா ஜெராக்ஸ் போட்டுக்கீறேன்" என்றாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "அன்னிக்கிக் கதவுல கை வெச்சிக்கினே நின்னுட்டேன்டி. மறுபடியும் தப்பா பாத்துட்டனோன்னு பயம். மன்னிச்சிடு" என்றாள்.

அப்பா உள்ளேயிருந்து எழுந்து வந்தார். "யாரும்மா நீ?"

"ஜெராக்ஸ் கட வெச்சிக்கீறேண்ணே, பஸ் ஸ்டாண்டுல."

"ஓகோ. உங்க கடையிலதான் ஒக்காந்துக்கினு இருந்தாளாமே. உனுக்கும் எல்லாம் தெரியுமா? நீதான் கூட்டிக் குடுத்தியா?"

அம்மா பதறிப்போனாள். அக்கா முகம் ஒரு தடவை சுருங்கியது. ஆனால் குரல் ஏறவில்லை. "நான் ஒண்ணும் சொல்ல வரலண்ணே. அந்த வீடியோவ நீங்க இன்னொரு வாட்டி பாக்கணும். அவ்ளோதான். பாத்துட்டு என்னைத் தொரத்துங்க, போயிடறேன்."

"இன்னும் எத்தினி வாட்டி? ஊரே பாத்துட்ச்சி!"

"இன்னும் ஒரே வாட்டி."

அப்பா அசையவில்லை. அம்மா உள்ளே போய் போனை எடுத்துவந்து அக்கா கையில் கொடுத்தாள். எங்கள் வீட்டில் அம்மா அப்பாவைக் கேட்காமல் செய்த காரியங்களில் எனக்கு ஞாபகம் இருப்பது அது ஒன்றுதான். அக்கா மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வீடியோவைத் தேடி எடுத்தாள். பக்கவாட்டில் இருக்கிற பொத்தானை அழுத்தி, சத்தம் சுத்தமாக அடங்கும் வரை குறைத்தாள். அப்பாவிடம் நீட்டினாள்.

எனக்கு என்ன பயம் என்றால், அவர் பார்த்துவிட்டு மறுபடியும் அதையே சொன்னால் அதற்கப்புறம் எனக்கு ஒன்றும் இல்லை. மறுநாள் டி.சி. அதோடு செங்கல்பட்டு பஸ் முடிந்தது.

அப்பா பார்த்தார். அரை நிமிஷம் முடிந்தது. மறுபடியும் முதலிலிருந்து போட்டார். போனைக் கண்ணுக்குக் கிட்டே கொண்டுபோனார். வெளியே ஏதோ வண்டி போனது. மூன்றாவது தடவை பார்க்கும்போது திரையில் விரலை வைத்தார்.

"இது யாரு, ஓரத்துல?"

அப்பா விரலை மறு ஓரத்துக்குக் கொண்டுபோனார்.

"பின்னால ரெண்டு பேரு நிக்குறானுங்க. இவன் பைக்க குறுக்க வெச்சிக்கீறான். போறதுக்கு வழியே இல்லியே." விரல் திரையில் நகர்ந்து நகர்ந்து எண்ணியது. "ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு, அஞ்சி. இத்த எடுத்துக்கினு கீறவன் ஒருத்தன். ஆறு பேரு."

அவர் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். வெள்ளிக்கிழமைக்குப் பிறகு அப்போதுதான் பார்த்தார்.

"முந்தாநேத்து பாத்தப்ப எனக்கு ஒருத்தன்தான்டி தெரிஞ்சான்" என்றார். "நீ சிரிக்கல. பல்லு தந்தியடிக்குது உனுக்கு. நைனா கண்ணு உண்மையிலயே அவிஞ்சிதான் பூட்ச்சி."

நான் இரண்டு நாளாக அடக்கிவைத்திருந்த அழுகை அப்போதுதான் வந்தது. அப்பாவுக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. போனை நெற்றியில் இடித்துக்கொண்டார். பிறகு சட்டையை மாட்டிக்கொண்டு, மெஷினில் கூட வேலை செய்கிற இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு உத்திரமேரூருக்குக் கிளம்பினார். அங்கே அவன் வீட்டில் என்ன பேசினார் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. சாயங்காலத்துக்குள் அந்த வீடியோ எல்லார் போனிலிருந்தும் எடுக்கப்பட்டிருந்தது. பார்த்த கண்களிலிருந்து எடுக்க முடியவில்லை, ஆறேழு மாதம் முணுமுணுத்தார்கள்.

அக்காவுக்கு அம்மா டீ கொடுத்தாள். சங்கடத்தை மறைக்க ஏதாவது பேச வேண்டுமே என்று, "எங்க வூட்டுல டி.வி. சத்தம் தாங்க முடியாது. அவரு காதுக்கு அப்படி வெக்கணும்" என்றாள்.

"எங்க வூட்டுலயும் அப்படித்தான் இருந்துச்சுக்கா. அவரு என்னை அடிக்கறப்பல்லாம் டி.வி.ய சத்தமா வெச்சிடுவாரு. பக்கத்து வூட்டுல என்னைப் பாட்டுப் பைத்தியம்னு சொல்லுவாங்க. ஏழு வருசம்" என்றாள் அக்கா. டீயை ஆற்றிக் குடித்தாள். "சக்கர கொஞ்சம் தூக்கல்" என்றாள்.

அம்மா டம்ளரை வாங்கிக்கொண்டு அப்படியே நின்றாள். நான் பஸ் நிறுத்தம் வரைக்கும் அக்காவோடு போனேன். அதைப் பற்றி நான் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை. நான் படிப்பை முடித்த வருஷம் அவள் கடையை விற்றுவிட்டுப் போனாள். அதற்குக் கொஞ்சம் முன்னால் அவளுடைய வீட்டுக்காரர் பஸ் ஸ்டாண்டு பக்கம் தேடி வந்ததாகச் சொன்னார்கள். எந்த ஊருக்குப் போனாள் என்று யாருக்கும் தெரியாது. தெரியாமல் இருப்பதே நல்லது.

எனக்கு அவளைப் பற்றிக் கடைசியாகச் சொல்லத் தோன்றுவது அந்தத் திங்கட்கிழமைதான். டி.சி. வாங்கப் போகிறேன் என்று சொன்ன அப்பா, காலையில் என்னோடு உத்திரமேரூர் வரைக்கும் பஸ்ஸில் வந்தார். எதிரே செல்போன் கடை வாசலில் அவனும் இரண்டு பேரும் நின்றிருந்தார்கள். நான் அப்பாவின் மறுபக்கம் நகர்ந்துகொண்டேன். அப்பா அவர்களைப் பார்த்தபடியே சாலையைத் தாண்டி, என்னை அக்கா கடைக்குள் கூட்டிக்கொண்டு போனார். கண்ணாடிக் கதவை அகலமாகத் திறந்து வைத்துவிட்டு வாசற்படியிலேயே நின்றார். அவர்கள் ஒவ்வொருவராகச் செல்போன் கடைக்குள் போய்விட்டார்கள்.

டி.வி.யில் அப்பாவுக்குப் பிடித்த நடிகரின் பழைய படம். தோட்டத்தில் பாட்டு. அவர் ஒரு பெண்ணின் முந்தானையைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தார். அப்பா அந்தப் பாட்டை அறுக்கிற மெஷின் மேல் உட்கார்ந்து தொண்டை கிழியப் பாடுவார். அக்காவுக்கும் அது தெரிந்திருந்தது. நான்தான் எப்போதோ சொல்லியிருந்தேன். பேப்பர் கட்டைத் தட்டி நேராக்கிக்கொண்டே கேலியாக ரிமோட்டைத் தூக்கிக் காட்டினாள்.

"அண்ணே, உங்க ஆளு. சவுண்டு வெக்கட்டா?"

அப்பா தலையைத் தூக்கிக் கொஞ்ச நேரம் திரையைப் பார்த்தார்.

"வேணாம்மா" என்றார். "அந்தப் பொண்ணு எங்கியோ போவணும்னு பாக்குது போல கீது. இரு, பாக்குறேன்."